வரப்புக்குள் வாழும் காலிலி: ஐராவதிச் சமவெளியின் சிசிலியன் பற்றி ஒரு விளக்கம்

கீழ்ப்பர்மாவில் மழை பிடித்து, வரப்பு வெட்டும் வேலை தொடங்கும் நாட்களில், மண்வெட்டி புரட்டிப் போடும் ஈர மண்ணிலிருந்து சில வேளைகளில் ஓர் உயிர் நெளிந்து வெளியே வரும். நீளம் ஒரு முழத்துக்கும் குறைவு. பருமன் கைவிரல் அளவு. உடல் முழுவதும் நெருக்கமான வளைய வரிகள் இருக்கும். தோல் நனைந்த ரப்பர்போல் வழவழக்கும். தலை எது, வால் எது என்று முதல் பார்வையில் பிடிபடாது. பார்ப்பவர்களில் ஒருவர் புழுப்பாம்பு என்பார்; இன்னொருவர் இருதலைப் பாம்பு என்பார்; மூன்றாமவர் விலாங்குக் குஞ்சு என்பார். பாம்பு என்ற சொல் காதில் விழுந்த பிறகு அந்த உயிர் பிழைப்பது அரிது.

உண்மையில் அது பாம்பும் அன்று, மீனும் அன்று, புழுவும் அன்று. தவளைக்கு நெருங்கிய உறவான அதன் பெயர் சிசிலியன். 2020-இல் ‘விஷப்பல் கொண்ட புழு’ என்றும், 2024-இல் ‘குஞ்சுக்குப் பால் கொடுக்கும் புழு’ என்றும் இதே விலங்குத் தொகுதியைப் பற்றிய செய்திகள் உலகெங்கும் பரவியதால், நம் வயலில் காண்பதும் அதுதானா, கடித்தால் ஆபத்தா என்ற கேள்விகளும் சேர்ந்துகொண்டன. இவற்றுக்கு விடை காண, அடிப்படையிலிருந்து தொடங்குவது நல்லது.

பெயர்களும் உறவுமுறையும்

நீரிலும் நிலத்திலும் வாழ்க்கையைப் பகிர்ந்துகொள்ளும் முதுகெலும்பு விலங்குகளை இருவாழ்விகள் என்கிறோம். இன்று உலகில் அறியப்பட்ட இருவாழ்வி இனங்கள் 8000-க்கும் மேல். அவை மூன்று வரிசைகளில் அடங்கும். தவளையும் தேரையும் ஒரு வரிசை. வாலுள்ள சாலமாண்டர்கள் இன்னொன்று. கால்களே இல்லாத சிசிலியன்கள் மூன்றாவது. தவளைகள் ஆயிரக்கணக்கில் இருக்க, சிசிலியன் இனங்கள் சுமார் 220 மட்டுமே. ‘சீக்கஸ்’ என்றால் லத்தீனில் குருடு. அதிலிருந்து வந்ததே சிசிலியன் என்ற பெயர். மலையாளத்தில் இதைக் குருடி என்கிறார்கள். வரிசைக்கு அறிவியலார் இட்ட ஜிம்னோஃபியோனா என்ற கிரேக்கப் பெயருக்கு ‘அம்மணப் பாம்பு’ என்று பொருள். ஆகப் பெயர் வைத்தவர்களும் பாம்பு என்ற நினைப்பிலிருந்து முழுதாக விடுபடவில்லை என்பது தெரிகிறது.

இவற்றின் முன்னோர்களுக்குக் கால்கள் இருந்தன. அமெரிக்காவின் அரிசோனாவில் கிடைத்து 1993-இல் விவரிக்கப்பட்ட ஈயோசிசிலியா என்ற புதைபடிவம் ஜுராசிக் காலத்தைச் சேர்ந்தது. அதன் நீண்ட உடலில் மிகச் சிறிய நான்கு கால்கள் தெளிவாக இருக்கின்றன. மண்ணுக்குள் நுழைந்து வாழத் தலைப்பட்ட பிறகு கால்கள் தடையாகிச் சுருங்கி, காலப்போக்கில் மறைந்தே போயின. பாம்புகளுக்கும் இப்படித்தான் கால்கள் மறைந்தன என்றாலும், இவ்விரண்டும் தனித்தனியே நடந்தவை. உருவம் ஒத்திருப்பதற்குக் காரணம் வாழ்க்கை முறையே, உறவு அன்று.

எதனோடு எதைக் குழப்பிக்கொள்கிறோம்

வயலில் பிடிபட்டது எது என்று பிரித்தறிய நுண்ணோக்கி வேண்டியதில்லை. கீழ்க்கண்டவற்றை வரிசையாகப் பார்த்தாலே போதும்.

1. செதிலா, ஈரமா? புழுப்பாம்பின் உடல் உலர்ந்த, பளபளப்பான, சிறு செதில்களால் போர்த்தப்பட்டிருக்கும். பிளந்த சிறு நாக்கை அது வெளியே நீட்டி இழுக்கும். சிசிலியனின் தோல் ஈரமாகவும் பிசுபிசுப்பாகவும் இருக்கும். அது நாக்கை நீட்டுவதில்லை. நம் வீட்டுப் பூந்தொட்டியில் வரும் புழுப்பாம்பு நூல்கயிறு போல மெல்லியது. சிசிலியன் அதைவிடப் பருத்தது.

2. வாயும் பல்லும் உண்டா? மண்புழுவுக்குத் தாடை இல்லை, பல் இல்லை, எலும்பும் இல்லை. சிசிலியனுக்குத் தலைக்குக் கீழ்ப்புறமாகத் திறக்கும் வாயும், பின்னோக்கி வளைந்த கூரிய பற்களும், முழு முதுகெலும்பும் உண்டு. கையில் எடுத்தவுடனே வேறுபாடு தெரியும். மண்புழு தொய்ந்து தொங்கும், சிசிலியன் விரல்களுக்கிடையே பலமாக உந்தித் தள்ளும்.

3. தொண்டைக்குக் கீழே செவுள் பிளவு உண்டா? சந்தையில் விற்கும், பர்மியர் ஙஷின் என்று சொல்லும், சேற்று விலாங்குக்குத் தொண்டையின் அடியில் ஒரே ஒரு பிளவு குறுக்காக இருக்கும். உடலில் வளைய வரிகள் இருக்காது. வளர்ந்த சிசிலியனுக்கு வளைய வரிகள் உண்டு, செவுள் பிளவு இல்லை.

4. கண்ணுக்கும் மூக்குத் துளைக்கும் நடுவே என்ன இருக்கிறது? இதுவே முடிவான அடையாளம். அங்கே மிகச் சிறிய ஓர் உணர்கொம்பு வெளியே எட்டிப் பார்த்து உள்ளே மறையும். இந்த உறுப்பு சிசிலியனைத் தவிர வேறெந்த முதுகெலும்பு விலங்குக்கும் கிடையாது.

மண்ணுக்குள் இயங்கும் உடல்

அந்த உணர்கொம்பைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனெனில் இந்த விலங்கின் கதையே அதில் அடங்கியிருக்கிறது. இருட்டில் கண்ணுக்கு வேலை இல்லை. சிசிலியனின் கண் தோலுக்கு அடியில் ஒரு கரும்புள்ளியாக ஒடுங்கி, வெளிச்சம் இருக்கிறதா இல்லையா என்பதை மட்டும் உணர்கிறது. ஆனால் கண்ணை இயக்கிய உறுப்புகள் வீணாகவில்லை. மற்ற இருவாழ்விகளில் விழியை உள்ளிழுக்கும் தசை எதுவோ, அதுவே சிசிலியனில் உணர்கொம்பை உள்ளிழுக்கும் தசையாகிவிட்டது; கண்ணை நனைக்கும் சுரப்பி இங்கே உணர்கொம்பின் வழியை நனைக்கிறது. மண்ணிலுள்ள வாசனைத் துகள்களை அந்தக் கொம்பு தொட்டெடுத்து, மூக்கோடு இணைந்த தனி முகர்வு உறுப்புக்கு அனுப்புகிறது. பார்வைக்கு இருந்த கருவிகளைக் கொண்டே மோப்பத்துக்கு ஒரு புதிய உறுப்பு அமைந்திருக்கிறது என்றால் மிகையாகாது.

தோண்டும் முறையும் கவனிக்கத் தக்கது. தவளையின் மண்டையோட்டில் இடைவெளிகள் அதிகம். சிசிலியனின் மண்டையோடோ எலும்புகள் இறுகப் பொருந்திய முளைக்குச்சிபோல் கெட்டியானது. அந்தத் தலையை மண்ணில் அழுத்தும் விசை கழுத்திலிருந்து மட்டும் வருவதில்லை. தோலுக்குள்ளே முதுகெலும்பும் அதைச் சூழ்ந்த தசைகளும் தனியாக மடிந்து நீளக்கூடியவை. வெளித்தோல் நிலைத்து நிற்க, உள்ளுடல் வளைந்து, பிறகு நிமிர்ந்து தலையை முன்னே தள்ளும். உடற்சுவரின் தசைகள் இறுகும்போது உள்ளே நிறைந்த நீர்மத்தின் அழுத்தமும் கூடிச் சேர்ந்து தள்ளும். மெக்சிகோ நாட்டுச் சிசிலியன் ஒன்றைக் கொண்டு நடத்தி 1997-இல் வெளியிட்ட ஆய்வில், அதே அளவுள்ள, மண்ணில் வளை தோண்டும் பாம்பைப் போல ஏறத்தாழ இரு மடங்கு விசையோடு அது முன்னே தள்ளுவது அளந்து காட்டப்பட்டது.

இரை பெரும்பாலும் மண்புழு, கறையான், எறும்பு, பூச்சிகளின் புழுக்கள். பெரிய மண்புழுவைக் கவ்வினால், சிசிலியன் தன் உடலையே அச்சாகக் கொண்டு சுழன்று இரையைத் துண்டாக்குவதை ஆப்பிரிக்க இனங்களில் பதிவு செய்திருக்கிறார்கள். குறுகிய வளைக்குள் கையில்லாத விலங்கு இரையைப் பிய்ப்பதற்கு இதைவிடப் பொருத்தமான வழி இருக்க முடியாது.

விஷம் பற்றிய கேள்விக்கு இங்கேயே விடை சொல்லிவிடலாம். 2020-இல் பிரேசில் ஆய்வாளர்கள் சைஃபோனாப்ஸ் அன்யுலேட்டஸ் என்ற தென்னமெரிக்க இனத்தின் பற்களின் அடியில் சுரப்பிகள் இருப்பதையும், அவற்றின் சுரப்பில் விஷங்களில் காணப்படும் வகை நொதிகள் இருப்பதையும் கண்டனர். அது அந்த இனத்தைப் பற்றிய உடற்கூற்றுக் கண்டுபிடிப்பு. சிசிலியன் கடித்து மனிதர் ஆபத்துக்குள்ளாவதைப் பற்றிய செய்தி அன்று. மற்ற இருவாழ்விகளைப் போலவே சிசிலியனின் தோலிலும் எதிரிகளை விரட்டும் சுரப்பிகள் உண்டு. ஆகவே தொட்ட கையால் கண்ணைக் கசக்காமல், கழுவிக்கொண்டால் போதும்.

முட்டை மண்ணில், குஞ்சு நீரில்

பால் கொடுப்பதும் பிரேசிலின் அதே சைஃபோனாப்ஸ்தான். அதன் தாய் முட்டையிட்டுக் குஞ்சு பொரித்த பிறகு, கருக்குழாயில் சுரக்கும் கொழுப்பு நிறைந்த நீர்மத்தைக் குஞ்சுகளுக்கு ஊட்டுகிறது. குஞ்சுகள் ஒலியெழுப்பித் தாயைத் தூண்டுகின்றன. கென்யாவின் தைத்தா மலைகளில் வாழும் இன்னோர் இனத்தில், குஞ்சுகள் தாயின் கொழுப்பேறிய மேல்தோலைச் சுரண்டித் தின்று வளர்வதை 2006-இல் விவரித்தார்கள். சில இனங்கள் குட்டியே போடுகின்றன. இவ்வளவு சிறிய ஒரு வரிசைக்குள் இத்தனை விதமான தாய்மை இருப்பது வியப்பைத் தருகிறது.

பர்மாவில் உள்ளவை இக்தியோஃபிஸ் என்ற பேரினத்தைச் சேர்ந்தவை. ‘மீன்பாம்பு’ என்று அதற்குப் பொருள். இவற்றின் வழி வேறு, பழமையானது. இதை முதலில் விரிவாக ஆராய்ந்தவர்கள் சுவிட்சர்லாந்தின் பால் சரசின், ஃபிரிட்ஸ் சரசின் என்ற உறவினர்கள். 1880-களில் இலங்கைக்குச் சென்று அங்குள்ள இக்தியோஃபிஸ் குளுட்டினோசஸ் இனத்தின் வளர்ச்சியைக் கருவிலிருந்து படிப்படியாகப் பதிவு செய்தார்கள். அவர்களும், பின்னாளில் தாய்லாந்தில் இக்தியோஃபிஸ் கோதாவோயென்சிஸ் இனத்தைக் கவனித்தவர்களும் கண்டது இதுதான்.

மழைக்காலத்தின் தொடக்கத்தில், நீர்நிலைக்குப் பக்கத்து ஈர மண்ணில் தாய் ஒரு சிறிய அறை அமைக்கிறது. சில பத்து முட்டைகள் பசைபோன்ற இழைகளால் ஒன்றோடொன்று கோத்துக் கொத்தாகக் கிடக்கும். தாய் அந்தக் கொத்தைச் சுற்றிச் சுருண்டு படுத்து, குஞ்சு பொரிக்கும்வரை காவல் இருக்கும். முட்டைக்குள் ஊடுருவிப் பார்க்க முடிந்தால், கருவின் கழுத்தருகே மூன்று இணை இறகுபோன்ற செவுள்கள் சிவந்து விரிந்திருப்பதைக் காணலாம். பொரித்ததும் அவை உதிர்ந்துவிடும். குஞ்சு மண்ணிலிருந்து நழுவி ஓடையிலோ குட்டையிலோ சேர்ந்து, வால்துடுப்போடு இரவில் நீந்தி இரை தேடும். மீன்களுக்கு இருப்பதுபோன்ற பக்கவாட்டு உணர்வுக் கோடு அதற்கும் உண்டு. வளர்ந்து உருமாறும்போது துடுப்பும் செவுள் துளையும் மறைந்து, உணர்கொம்பு முளைக்கும். அதன்பின் அதன் வாழ்க்கை மண்ணுக்குள்தான்.

இதிலிருந்து ஒன்று தெளிவாகிறது: இக்தியோஃபிஸ் வாழ ஈர மண் மட்டும் போதாது, தண்ணீர் மட்டும் போதாது. இரண்டும் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருக்கும் கரை வேண்டும்; குஞ்சு தவழ்ந்து போகும் தூரத்துக்குள் நீர் இருக்க வேண்டும்.

ஐராவதியின் இனத்துக்குப் பெயர் வந்த வழி

1758-இல் சுவீடன் அறிஞர் லின்னேயஸ் மேலே சொன்ன இலங்கை இனத்துக்குச் ‘சிசிலியா குளுட்டினோசா’ என்ற பெயரை இட்டார். 1826-இல் ஆஸ்திரிய விலங்கியலார் ஃபிட்சிங்கர் இக்தியோஃபிஸ் என்ற பேரினத்தை வகுத்தார். அதன்பின் நெடுங்காலம், ஆசியாவில் எங்கே மஞ்சள் கோடு போட்ட சிசிலியன் கிடைத்தாலும் அதை இலங்கை இனத்தின் பெயராலேயே குறிக்கும் வழக்கம் இருந்தது. மண்ணுக்குள் வாழ்வதால் மாதிரிகள் கிடைப்பது அரிது; கிடைத்தவையும் சாராயத்தில் நிறம் மங்கி ஒன்றுபோலவே தோன்றும். 1960-இல் அமெரிக்க விலங்கியலார் எட்வர்ட் டெய்லர் இந்தக் குவியலைப் பிரித்துப் பல இனங்களாக விவரித்தபோதுதான், கோடு இருப்பதாலேயே எல்லாம் ஒன்றாகிவிடாது என்பது உறுதியானது. 1968-இல் உலகச் சிசிலியன்கள் அனைத்தையும் தொகுத்து அவர் வெளியிட்ட பெருநூல் இன்றும் இத்துறைக்கு அடித்தளம்.

பர்மாவுக்கே உரிய பெயர் 2014-இல்தான் வந்தது. ஐராவதி மண்டலத்தில் சேகரித்த 14 மாதிரிகளை வைத்து, மார்க் வில்கின்சன், டேவிட் கோவர் முதலிய ஆய்வாளர்கள் இக்தியோஃபிஸ் மல்ட்டிகலர் என்ற புதிய இனத்தை விவரித்தார்கள். ‘பல நிறத்தது’ என்று பொருள். உடலின் இருபக்கமும் ஒரு வெளிர் கோடும், அதை ஒட்டி ஒரு கருங்கோடும் ஓடுவது இதன் தனி அடையாளம். இந்த அமைப்பு தென்கிழக்கு ஆசியாவின் மற்றக் கோடுள்ள இனங்களைவிட, 1909-இல் நெல்சன் அன்னன்டேல் தென்னிந்தியாவிலிருந்து விவரித்த இக்தியோஃபிஸ் டிரைகலரை நினைவூட்டுகிறது. ஆனால் மரபணுவை ஒப்பிட்டபோது, அதன் நெருங்கிய உறவு தென்கிழக்கு ஆசிய இனங்களோடுதான் என்று தெரிந்தது. கோட்டை நம்பி உறவு சொன்னால் ஏமாறுவோம் என்பதற்கு இதுவே சான்று. கோடு இல்லாத இக்தியோஃபிஸ்களும் இந்தப் பகுதியில் உண்டு. கோடு இல்லாததைக் கண்டு ‘இது வேறு ஏதோ’ என்று ஒதுக்கிவிடக் கூடாது.

கடல் கடந்த பழைய வழி

மேற்குத் தொடர்ச்சி மலையிலும் இலங்கையிலும் ஐராவதியிலும் ஒரே பேரினம் எப்படிப் பரவியிருக்க முடியும்? மண்ணைவிட்டு வராத, உப்புநீர் தாங்காத தோலுள்ள விலங்கு வங்கக் கடலை நீந்திக் கடக்காது. இதற்கு நிலவியலே விடை. கோண்டுவானா என்ற பழைய பெருநிலத்திலிருந்து இந்தியா பிரிந்து, தனித்தீவாக வடக்கே நகர்ந்து, சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆசியாவோடு மோதியது. இக்தியோஃபிஸ் குடும்பம் அந்த மிதவையில் ஏறிவந்து, மோதலுக்குப் பின் கிழக்கே பரவியது என்ற கருத்தை 2002-இல் வெளியான மரபணு ஆய்வு ஆதரித்தது. இந்தியக் குடும்பக் கிளைகள் பழமையானவை; தென்கிழக்கு ஆசியக் கிளைகள் அவற்றுக்குள்ளிருந்து கிளைத்தவை.

பர்மாவின் எல்லையை அடுத்துள்ள வடகிழக்கு இந்தியா இதைவிடப் பழைய ஒரு சாட்சியைத் தந்திருக்கிறது. டெல்லிப் பல்கலைக்கழகத்தின் எஸ். டி. பிஜு தலைமையில் ஐந்து ஆண்டுகள், சுமார் 250 இடங்களில் மண்ணைத் தோண்டித் தேடிய குழு, 2012-இல் சிக்கிலிடே என்ற புதிய குடும்பத்தையே அறிவித்தது. அசாமின் கச்சாரிலிருந்து 1904-இல் பெயரிடப்பட்டு, பிறகு ஏறக்குறைய மறக்கப்பட்ட ஓர் இனமும் அதில் அடங்கும். மேகாலயாவில் பேசப்படும் காரோ மொழிச் சொல்லிலிருந்து ‘சிக்கிலா’ என்று பேரினத்துக்குப் பெயரிட்டார்கள். அதன் நெருங்கிய உறவினர் வாழ்வது ஆப்பிரிக்காவில். இரண்டும் பிரிந்து 14 கோடி ஆண்டுகள் ஆகின்றன. நாட்டெல்லைகளோ கடலோ இல்லாத காலத்துச் செய்தியை, கைவிரல் பருமனுள்ள இந்த உயிர்கள் உடலில் சுமந்து நிற்கின்றன.

வயலில் இதன் பொருள்

நூறாண்டுக்கும் மேலாகத் தமிழர் நெல் விளைவித்த நிலம் ஐராவதிக் கழிமுகம். அங்கே வயலும் வாய்க்காலும் வாழைத் தோட்டமும் வெற்றிலைக் கொடிக்காலும் அடுத்தடுத்துக் கிடப்பது, கரையோரம் தேடும் விலங்குக்கு ஏற்ற அமைப்பே. காட்டில் மட்டுமல்லாமல், தோட்டங்களிலும் எருக்குவியல் ஓரங்களிலும் இக்தியோஃபிஸ்கள் வாழ்வது இந்தியாவில் நன்கு அறியப்பட்டது. ஆகவே பயிர்த்தொழிலே இதற்குப் பகை என்று சொல்ல முடியாது. தொழில் செய்யும் முறையில்தான் வேறுபாடு.

1. காலம். தாய் முட்டையோடு சுருண்டு கிடக்கும் மழைத் தொடக்கமே, வரப்பு வெட்டிச் செம்மைப்படுத்தும் காலமும் ஆகும். மண்வெட்டி பட்டுச் சாவது ஒருபுறம். கொத்து வெளியே வந்து வெயிலில் காய்ந்துபோவது இன்னொருபுறம். முட்டைக்கு ஓடு இல்லாததால் ஈரம் போனால் உயிரும் போகும்.

2. மருந்து. இருவாழ்வியின் தோல் நீரையும் காற்றையும் ஊடுருவ விடும். தோல் வழியாகவும் அது மூச்சு வாங்குகிறது. அதனால் மண்ணில் இறங்கும் பூச்சிக்கொல்லியும் களைக்கொல்லியும் உடலுக்குள் எளிதில் சேர்கின்றன. அதன் உணவான மண்புழுவும் அதே மண்ணைத் தின்றே வளர்கிறது. குஞ்சு வாழும் வாய்க்காலுக்கு வடியும் தண்ணீரும் அதே வயலிலிருந்துதான் வருகிறது.

3. கரை. மண் கரையைச் சிமென்ட் சுவராக்கினால் நீர் அப்படியே இருக்கும், மண்ணும் அப்படியே இருக்கும். இரண்டுக்கும் நடுவிலிருந்த வழி அடைபட்டுவிடும். என் கணிப்பில் மூன்றிலும் கடுமையானது இதுவே. மருந்தை அடுத்த பட்டத்தில் குறைக்கலாம். கட்டிய சுவரை யாரும் இடிப்பதில்லை.

கண்ணில் பட்டால்

வெறுங்கையால் எடுக்க வேண்டியதில்லை. ஈரமான இலையிலோ மண்ணோடு சேர்த்து மண்வெட்டியிலோ ஏந்தி, நிழலான ஈர மண்ணில் விட்டால், சில நொடிகளில் தலையை அழுத்தி உள்ளே போய்விடும். முட்டைக்கொத்தோடு கிடந்தால் இடம் மாற்றாமல், பெயர்ந்த மண்கட்டியைத் திரும்பவும் அதன்மேல் கவிழ்த்து, அந்த ஒரு சாண் இடத்தை மட்டும் விட்டு வெட்டிக்கொண்டு போவது நல்லது. கைப்பேசியில் படம் எடுப்பவர்கள் பெரும்பாலும் முதுகை மட்டும் எடுக்கிறார்கள். அதைக் கொண்டு இனத்தைச் சொல்ல முடியாது. தலையின் பக்கவாட்டுத் தோற்றம், வெளிர் கோடு கழுத்தைத் தாண்டித் தாடைவரை தொடர்கிறதா, அதை ஒட்டிக் கருங்கோடு இருக்கிறதா, வயிற்றின் நிறம், வால் நுனி ஆகியவை தெரியும்படி, பக்கத்தில் ஒரு தீப்பெட்டியை அளவுக்கு வைத்து எடுத்தால், ஊரின் பெயரோடும் தேதியோடும் அந்தப் படம் ஆய்வாளர் கையில் ஒரு பதிவாக நிற்கும்.